ஓர்லியான் டியூக் பட்டம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிரெஞ்சு வரலாற்றில் எந்த நூற்றாண்டைத் திறந்தாலும் ஓர்லியான் டியூக் என்று ஒருவர் வந்து நிற்பார். ஒருவர் பாரிஸ் தெருவில் வெட்டிக் கொல்லப்படுகிறார். ஒருவர் இங்கிலாந்துச் சிறையில் கவிதை எழுதுகிறார். இன்னொருவர் நாட்டையே ஆள்கிறார், அவருடைய கொள்ளுப்பேரன் கில்லட்டினில் தலை இழக்கிறார். எல்லோருக்கும் ஒரே பட்டம் என்பதால் படிக்கிறவர்களுக்குக் குழப்பம் வருவது இயல்பு. என் பார்வையில் இந்த 600 ஆண்டுக் கதை முழுக்க ஒரே சிக்கலைச் சுற்றித்தான் ஓடுகிறது: அரசருக்குத் தம்பி ஒருவர் இருந்தால் அவரை என்ன செய்வது?

இது எந்த மாதிரியான பட்டம்?

பிரெஞ்சுப் பிரபுக்களின் படிவரிசையில் டியூக் உச்சியில் இருப்பவர். அதற்குக் கீழே மார்க்கி, கவுன்ட், விகவுன்ட், பாரன் என்று இறங்கும். போரில் பெயரெடுத்த தளபதிகளும் அமைச்சர்களும்கூட டியூக் ஆனதுண்டு. ஓர்லியான் பட்டம் அந்த வகையில் சேராது. அது அரச குடும்பத்துக்குள்ளேயே, பெரும்பாலும் அரசரின் இரண்டாவது மகனுக்கோ தம்பிக்கோ போன பட்டம்.

பெயர் தந்த ஊர் லுவார் ஆற்றங்கரையில், பாரிஸிலிருந்து தெற்கே சுமார் 130 கி.மீ. தூரத்தில் இருக்கிறது. பிரெஞ்சு அரசர்களின் மிகப் பழைய சொந்த நிலங்களுக்கு நடுவில் இருந்த ஊர் அது. அதைப் பிரித்து ஒருவருக்குக் கொடுப்பது அரசர் தன் வீட்டு முற்றத்தையே பங்கு வைப்பதற்குச் சமம். அந்நியருக்கு அதைக் கொடுக்க முடியாது.

பட்டத்தோடு நிலமும் வந்ததா, வெறும் பெயர்தானா?

நிலமும் வந்தது. இதற்கு அப்பனாஜ் என்று பெயர். மூத்த மகனுக்கு நாடு முழுவதும் போய்விடும். இளையவர்கள் மரியாதையோடு வாழ்வதற்கு ஒரு மாகாணத்தின் வருமானத்தை எழுதிக் கொடுப்பார்கள். நிலவரி, நீதிமன்றக் கட்டணம், காட்டு மரம் எல்லாம் அதில் சேரும். ஓர்லியான் காடு பெரியது. 17-ஆம் நூற்றாண்டின் இறுதியில் திறந்த ஓர்லியான் கால்வாயும் நல்ல வருமானம் தந்தது.

இதில் ஒரு கண்டிப்பான நிபந்தனை உண்டு. அப்பனாஜ் வாங்கியவரின் ஆண் வழி அற்றுப்போனால் நிலம் அரசரிடமே திரும்பிவிடும். மகள் இருந்தாலும் அவளுக்குப் போகாது. 1566-இல் வந்த மூலான் அரசாணை, அரச நிலங்களைப் பிறருக்குக் கைமாற்றக் கூடாது என்று விதித்தது. அதற்கு அனுமதித்த விதிவிலக்குகளில் ஒன்று இளைய மகன்களின் அப்பனாஜ்.

ஆகவே "பரம்பரைப் பட்டம்" என்று சொன்னாலும், ஒரே சங்கிலியாக 1344 முதல் இன்றுவரை வந்தது என்று நினைக்கக் கூடாது. பட்டம் பலமுறை அறுந்தது, பலமுறை புதிதாகக் கொடுக்கப்பட்டது.

முதல் ஓர்லியான் டியூக் யார்?

1344-இல் அரசர் ஆறாம் பிலிப் தன் இளைய மகன் பிலிப்புக்காக இந்தப் பட்டத்தை உருவாக்கினார். சிறுவனுக்கு அப்போது எட்டு வயதுகூட நிறையவில்லை. அதற்கு முன்னால் தென்கிழக்கில் உள்ள தோஃபினே பகுதி இந்தச் சிறுவனுக்குப் போவதாகத்தான் பேச்சு இருந்தது. பிறகு அது மூத்தவர் பக்கம் போகும்படி ஒப்பந்தம் மாறியது. இளையவருக்கு ஈடாகக் கிடைத்தது ஓர்லியான். 1375-இல் அவர் சட்டப்படியான வாரிசு இல்லாமல் இறந்ததும் நிலம் அரசிடம் திரும்பியது. அந்தக் கிளை அவரோடு முடிந்தது.

1407-இல் கொல்லப்பட்ட டியூக் யார்? அந்தக் கொலை ஏன் அவ்வளவு பெரிதாகப் பேசப்படுகிறது?

அவர் பெயர் லூயி. அரசர் ஆறாம் சார்லஸின் தம்பி. 1392-இல் பட்டம் அவருக்கு வந்தது. அதே ஆண்டில்தான் அரசருக்கு முதல்முறை சித்தம் கலங்கியது. தெளிவதும் கலங்குவதுமாக அந்த நோய் அவரை முப்பது ஆண்டுகள் வாட்டியது. அரசர் கலங்கிக் கிடக்கும் நாட்களில் அதிகாரம் யார் கையில்? தம்பி லூயி ஒரு பக்கம், பெரியப்பா சித்தப்பா வழிப் பங்காளிகளான பர்கண்டி டியூக்குகள் மறு பக்கம். கஜானா சாவிக்காக இரண்டு தரப்பும் மோதின.

1407 நவம்பர் 23 இரவு, பாரிஸில் அரசி இஸபோவின் மாளிகையிலிருந்து லூயி கிளம்பினார். அரசர் அழைக்கிறார் என்று பொய்ச் செய்தி வந்திருந்தது. வழியில் மறைந்திருந்த கூலிப்படை அவரை வெட்டிக் கொன்றது. சில நாட்களில் பர்கண்டி டியூக், அஞ்சாத ஜான் என்று பெயர் பெற்றவர், ஏவியது நான்தான் என்று ஒப்புக்கொண்டார். அடுத்த ஆண்டு ழான் பெத்தி என்ற இறையியல் அறிஞர் அரசவையில் மணிக்கணக்காகப் பேசி, கொடுங்கோலனைக் கொல்வது தர்மமே என்று நியாயம் கற்பித்தார்.

இறந்தவரின் மனைவி வலென்டினா விஸ்கோன்டி, மிலான் ஆட்சியாளரின் மகள். நீதி கேட்டுப் போராடியபடியே 1408-இல் அவரும் இறந்தார். மகன் சார்லஸ் அர்மஞாக் பிரபுவின் மகளை மணந்தார். அதனால் ஓர்லியான் கட்சிக்கே அர்மஞாக் கட்சி என்று பெயர் வந்துவிட்டது. இரு கட்சிகளும் நாட்டை இரண்டாகப் பிளந்தன. அந்தப் பிளவுக்குள்தான் இங்கிலாந்தின் ஐந்தாம் ஹென்றி படையோடு நுழைந்தார். 1419-இல் மோன்தெரோ பாலத்தில் சமாதானம் பேச வந்த அஞ்சாத ஜானை எதிர்க்கட்சியினர் கொன்றார்கள். அவர் மகன் ஆங்கிலேயருடன் கைகோத்தார். பங்காளிப் பகை ஒரு நாட்டை எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கு இதைவிடத் துல்லியமான பதிவு எனக்குத் தெரிந்து ஐரோப்பாவில் இல்லை.

ஜோன் ஆஃப் ஆர்க் ஓர்லியானை மீட்டபோது அந்த ஊரின் டியூக் எங்கே இருந்தார்?

இங்கிலாந்தில், கைதியாக. கொல்லப்பட்ட லூயியின் மகன் சார்லஸ்தான் அவர். 1415 அக்டோபர் 25-இல் அஜின்கோர் போர்க்களத்தில், பிணக்குவியலுக்கு அடியிலிருந்து அவரை உயிரோடு இழுத்தெடுத்தார்கள் என்று சொல்வார்கள். வயது 20. அரசுரிமைக்கு மிக அருகில் இருந்த இளவரசர் என்பதால் ஆங்கிலேயர் அவரை எளிதில் விடவில்லை. 25 ஆண்டுகள் கோட்டை கோட்டையாக மாற்றி வைத்திருந்தார்கள்.

1428-இல் ஆங்கிலேயர் ஓர்லியானை முற்றுகையிட்டார்கள். சிறையில் இருக்கும் பிரபுவின் ஊரைத் தாக்குவது அந்தக் காலப் போர்மரபுக்கே அடுக்காது என்று பிரெஞ்சுக்காரர்கள் கொதித்தார்கள். ஊரைக் காத்து நின்றவர் டியூக்கின் தந்தைக்கு வேறொரு பெண்ணிடம் பிறந்த தம்பி துனுவா. திருமணத்துக்கு வெளியே பிறந்தவர் என்பதால் "ஓர்லியானின் பாஸ்டர்ட்" என்றே அழைக்கப்பட்டார். அன்று அது இழிசொல்லாக எண்ணப்படவில்லை, பட்டப்பெயராகவே வழங்கியது. ஜோன் வந்து சேர்ந்த பிறகு, 1429 மே 8-இல் முற்றுகை விலகியது. அந்த நாளை ஓர்லியான் நகரம் இன்றும் விழாவாகக் கொண்டாடுகிறது.

சார்லஸ் 1440-இல்தான் விடுதலையானார். பிணைப்பணம் திரட்ட உதவியவர் பர்கண்டி டியூக், அதாவது தன் தந்தையைக் கொல்ல ஏவியவரின் மகன். அவருடைய உறவுப்பெண் கிளேவ் மரியை சார்லஸ் மணந்தார். இரண்டு தலைமுறைப் பகை அந்தத் திருமணத்தோடு தணிந்தது.

சிறையில் அவர் எழுதிய பாலாடுகளும், பிறகு புளுவா மாளிகையில் எழுதிய ரோந்தோ பாடல்களும் பிரெஞ்சுக் கவிதையின் முதல் வரிசையில் வைக்கப்படுபவை. குளிரும் காற்றும் மழையுமான மேலங்கியைக் காலம் கழற்றிப் போட்டுவிட்டது என்று வசந்தத்தைப் பாடும் அவருடைய பாட்டைப் பிரெஞ்சுப் பள்ளிக் குழந்தைகள் மனப்பாடம் செய்கிறார்கள். எந்த ஓர்லியான் டியூக்கை நேரில் பார்க்க ஆசை என்று என்னைக் கேட்டால், தயங்காமல் இவரைத்தான் சொல்வேன்.

டியூக்கே அரசராகிவிட்டால் பட்டம் என்ன ஆகும்?

அரச உடைமையோடு கலந்து மறைந்துவிடும். கவிஞர் சார்லஸின் மகன் லூயிக்கு அப்படி நடந்தது. 1498-இல் அரசர் எட்டாம் சார்லஸ் அம்புவாஸ் கோட்டையில் ஒரு தாழ்ந்த வாசல் நிலையில் தலையை இடித்துக்கொண்டு, சில மணி நேரத்தில் இறந்துபோனார். அவருக்கு மகன் இல்லை. அடுத்த உரிமை ஓர்லியான் டியூக்குக்கு. அவர் பன்னிரண்டாம் லூயி ஆனார்.

இளமையில் அவர் அரச தரப்பை எதிர்த்துக் கலகம் செய்து, 1488-இல் போரில் பிடிபட்டு மூன்று ஆண்டுகள் சிறையிலும் இருந்தவர். பட்டம் ஏறியதும் பழைய எதிரிகளைப் பழிவாங்குவார் என்று எல்லோரும் பயந்தார்கள். ஓர்லியான் டியூக்கின் சண்டைகளுக்குப் பிரான்ஸ் அரசர் பழிதீர்ப்பது தகாது என்று அவர் சொன்னதாக வழங்குகிறது. பாட்டி வலென்டினா வழி உரிமை என்று சொல்லி 1499-இல் மிலானைப் பிடித்தார். இத்தாலியப் போர்கள் நீண்டதற்கு அந்தப் பாட்டியின் கல்யாணமும் ஒரு காரணம்.

அவருக்கும் ஆண் வாரிசு இல்லை. அடுத்து வந்த முதலாம் பிரான்சுவா, கொல்லப்பட்ட லூயியின் இன்னொரு மகன் வழியில் வந்தவர். ஆக 1498 முதல் 1589 வரை பிரான்சை ஆண்ட அத்தனை அரசர்களும் 1407-இல் தெருவில் வெட்டுண்டு கிடந்த அந்த டியூக்கின் வம்சம்தான்.

அப்புறம் 16-ஆம் நூற்றாண்டில்?

சுருக்கமாகச் சொன்னால் போதும். பட்டம் இளவரசர்களுக்குள் வேகமாகக் கைமாறியது. இரண்டாம் ஹென்றி அரசராகுமுன் ஓர்லியான் டியூக்காக இருந்தார், அண்ணன் 1536-இல் இறந்ததும் பட்டத்து இளவரசர் ஆனார். பிறகு அவர் தம்பிக்கும், அடுத்து அவர் மகன்களுக்கும் போனது. யாரிடமும் அது ஒரு குடும்பமாக வேர்விடவில்லை.

கஸ்தோன் என்ற டியூக்கை வரலாற்று நூல்கள் ஏன் இவ்வளவு திட்டுகின்றன?

கஸ்தோன் பதின்மூன்றாம் லூயியின் தம்பி. 1626-இல் திருமணத்தின்போது ஓர்லியான் அவருக்குக் கிடைத்தது. அண்ணனுக்கு 1638 வரை பிள்ளை இல்லை. அதுவரை அடுத்த அரசர் கஸ்தோன்தான் என்று எல்லோரும் கணக்குப் போட்டார்கள். அமைச்சர் ரிஷ்லியூவைப் பிடிக்காத ஒவ்வொருவரும் கஸ்தோன் பின்னால் வந்து நின்றார்கள்.

சதி செய்வதும், மாட்டிக்கொண்டதும் கூட்டாளிகளைக் காட்டிக்கொடுத்து மன்னிப்பு வாங்குவதும் அவர் வழக்கமாகிவிட்டது. 1626-இல் ஷாலே, 1632-இல் மோன்மொரான்சி டியூக், 1642-இல் சேன்மார். மூவரும் தலை வெட்டப்பட்டார்கள். கஸ்தோன் மட்டும் தப்பினார், ஏனென்றால் அரச ரத்தத்தைக் கொலைமேடைக்கு அனுப்ப யாருக்கும் துணிவில்லை. திட்டுவதில் நியாயம் இருக்கிறது என்பதே என் கருத்து.

அவர் மகள் மோன்பன்சியே சீமாட்டி வேறு ரகம். 1652-இல் பிரபுக்களின் ஃபிரோந்து கலகத்தில், பாஸ்டில் கோட்டை பீரங்கிகளைத் தன் பெரியப்பா மகனான அரசர் பதினான்காம் லூயியின் படைமீதே திருப்பிச் சுடச் சொன்னவர். கஸ்தோனுக்குப் பிழைத்த மகன் இல்லாததால் 1660-இல் பட்டம் மறுபடியும் அரசிடம் திரும்பியது.

இன்றைய ஓர்லியான் குடும்பம் யார் வழி?

பதினான்காம் லூயியின் ஒரே தம்பி பிலிப் வழி. 1661-இல் அவருக்கு அப்பனாஜ் முறைப்படி வழங்கப்பட்டது. அரசவையில் அவரை "மெஸ்யே" என்று மட்டும் அழைப்பார்கள். அது அரசரின் மூத்த தம்பிக்கே உரிய மரியாதைப் பெயர். அவருடைய பிழைத்த மகன் ஷார்த்ர் டியூக் என்று அழைக்கப்பட்டார், அந்தப் பெயரும் குடும்பத்தில் நிலைத்தது.

சித்தப்பா கஸ்தோன் போல இவரும் ஆகிவிடக் கூடாது என்பதில் அரண்மனை மிகக் கவனமாக இருந்தது. நகை, உடை, விருந்து, சேன்குளூ மாளிகைத் தோட்டம் எல்லாவற்றுக்கும் தாராளமாகப் பணம் கிடைத்தது, அதிகாரம் கிடைக்கவில்லை. 1677-இல் காசெல் போரில் அவர் ஆரஞ்சு இளவரசர் வில்லியமைத் தோற்கடித்தார். பாரிஸ் மக்கள் கொண்டாடினார்கள். அதன்பிறகு அண்ணன் அவரிடம் படையை ஒப்படைக்கவே இல்லை. தம்பி உடையான் படைக்கு அஞ்சான் என்பது நம் பழமொழி. வெர்சாய் அரண்மனையில் அண்ணன் அஞ்சியதே தம்பியின் வெற்றிக்குத்தான்.

அவருடைய இரண்டாவது மனைவி, பாலட்டினேட் நாட்டு லீசலோட், ஜெர்மனியில் உள்ள உறவினர்களுக்கு வாழ்நாள் முழுவதும் ஆயிரக்கணக்கில் கடிதம் எழுதினார். அந்த அரண்மனைக்குள் என்ன நடந்தது என்பதை நாம் தெரிந்துகொள்வதில் பாதி அந்தக் கடிதங்களின் புண்ணியம்.

ரீஜென்ட் என்று அழைக்கப்பட்டவர் யார்?

மெஸ்யேவின் மகன், இரண்டாம் பிலிப். 1711, 1712 இரண்டே ஆண்டுகளில் பதினான்காம் லூயியின் மகன், பேரன், கொள்ளுப்பேரன் என்று மூன்று வாரிசுகள் நோயில் இறந்தார்கள். பிலிப் வீட்டில் ரசாயனக்கூடம் வைத்திருந்ததால் இவர்தான் விஷம் வைத்தார் என்று ஊர் பேசியது. ஆதாரம் எதுவும் இல்லை. 1715 செப்டம்பர் 1-இல் அரசர் இறந்தபோது மிஞ்சியது ஐந்து வயதுக் குழந்தை, பதினைந்தாம் லூயி.

குழந்தை அரசருக்குப் பதிலாக ஆள்பவர்தான் ரீஜென்ட். பிலிப்பின் கையைக் கட்டும்படி அரசர் உயில் எழுதி வைத்திருந்தார். மறுநாளே பாரிஸ் நீதிமன்றம் அந்த உயிலை ஒதுக்கிவிட்டு முழு அதிகாரத்தையும் பிலிப்பிடம் கொடுத்தது. பதிலுக்கு, அரசாணைகளுக்கு ஆட்சேபம் எழுப்பும் பழைய உரிமையை நீதிமன்றம் திரும்பப் பெற்றது. அந்த உரிமைதான் 1780-களில் அரசாட்சியையே ஆட்டியது.

அவருடைய இரவு விருந்துகளைப் பற்றியே அதிகம் எழுதுகிறார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. குழந்தை செத்தால் அரியணை அவருக்குத்தான் வரும் என்ற நிலை. எட்டு ஆண்டுகள் அந்தக் குழந்தையை அவர் பத்திரமாகக் காத்து, வளர்ந்ததும் ஆட்சியை ஒப்படைத்தார். 1723 டிசம்பரில் வெர்சாயில் இறந்தார். அமெரிக்காவில் 1718-இல் உருவான நியூ ஓர்லியன்ஸ் நகரம் இவருடைய பட்டத்தின் பெயரையே தாங்கியது.

தமிழ்நாட்டோடு இந்தப் பட்டத்துக்கு ஏதாவது தொடர்பு உண்டா?

உண்டு. இரண்டு தொடர்புகள், இரண்டும் ரீஜென்ட் காலத்தவை.

முதலாவது ஒரு வைரம். கிருஷ்ணா நதிக்கரையில் உள்ள கொல்லூர் சுரங்கத்தில் கிடைத்த, பட்டை தீட்டாத பெரிய கல் அது. சென்னை செயின்ட் ஜார்ஜ் கோட்டையில் 1698 முதல் 1709 வரை ஆளுநராக இருந்த தாமஸ் பிட், ஜாம்சந்த் என்ற இந்திய வணிகரிடம் 48,000 வராகனுக்கு அதை வாங்கினார். லண்டனில் பட்டை தீட்டியபோது சுமார் 140 கேரட் நின்றது. ஐரோப்பிய அரசர்கள் பலரும் விலையைக் கேட்டுப் பின்வாங்கினார்கள். 1717-இல் ஓர்லியான் டியூக் பிலிப் பிரெஞ்சு அரசுக்காக 1,35,000 ஆங்கிலேய பவுண்டுக்கு வாங்கினார். அதனால்தான் அதற்கு ரீஜென்ட் வைரம் என்று பெயர். 1722-இல் பதினைந்தாம் லூயியின் முடிசூட்டுக் கிரீடத்தில் பதித்தார்கள், பின்னாளில் நெப்போலியனின் வாளிலும் இருந்தது. இன்று லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

இரண்டாவது புதுச்சேரி. ஸ்காட்லாந்துக்காரர் ஜான் லாவின் நிதித் திட்டங்களுக்கு ரீஜென்ட் பச்சைக்கொடி காட்டினார். 1719-இல் கடனில் மூழ்கிக் கிடந்த பழைய பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி, லாவின் கம்பெனியோடு இணைக்கப்பட்டது. 1720-இல் பங்கு விலை சரிந்து ஆயிரக்கணக்கானோர் சொத்தை இழந்தார்கள், லாவும் நாட்டை விட்டு ஓடினார். ஆனால் கம்பெனி பிழைத்துக்கொண்டது. புதுச்சேரியின் வணிகம் வளர்ந்ததும், 1739-இல் காரைக்கால் பிரெஞ்சுக்காரர் கைக்குப் போனதும், டூப்ளே காலத்துப் போர்களும் அந்தக் கம்பெனியின் பெயரில்தான். மணக்குள விநாயகர் கோயில் இருக்கும் வீதிக்கு முன்பு ஓர்லியான் வீதி என்றே பெயர்.

ரீஜென்டுக்கும் 1789 பிரெஞ்சுப் புரட்சிக்கும் இடையில் வந்த டியூக்குகள்?

இருவர். ரீஜென்டின் மகன் லூயி ஆழ்ந்த பக்திமான். கடைசிக் காலத்தைப் பாரிஸில் ஒரு மடத்தில் கழித்தார். நிர்வாணச் சித்திரம் பாவம் என்று கருதி, கொரெஜ்ஜோ தீட்டிய லீடா ஓவியத்தைக் கத்தியால் கிழித்தவர் இவர். பிற்காலத்தில் ஒட்டுப்போட்ட அந்த ஓவியம் இப்போது பெர்லினில் இருக்கிறது. அடுத்தவர் லூயி பிலிப், பருத்த உடம்புக்காரர், நாடகப் பிரியர். 1756-இல் துணிந்து தன் பிள்ளைகளுக்கு அம்மைக் குத்தல் செய்வித்தார். மருத்துவர்களே எதிர்த்த காலம் அது. பிரெஞ்சு மேல்தட்டில் அந்தப் பழக்கம் பரவ இது வழிசெய்தது.

அரசருக்கு மரண தண்டனை கொடுக்க வாக்களித்த டியூக் உண்மையிலேயே ஓர்லியான்தானா?

ஆம். 1747-இல் பிறந்து 1785-இல் டியூக் ஆன லூயி பிலிப் ஜோசப். நாட்டின் பெரும் பணக்காரர்களில் ஒருவர், மனைவி வழியிலும் சொத்து குவிந்தது. ஆனாலும் கடன் இருந்தது. அதைத் தீர்க்க 1780-களில் தன் பாரிஸ் மாளிகையான பலே ருவாயாலின் தோட்டத்தைச் சுற்றி வளைவுக் கடைவரிசை கட்டி வாடகைக்கு விட்டார். காப்பிக் கடை, புத்தகக் கடை, சூதாட்டக் கூடம் எல்லாம் வந்தன. அரச குடும்பத்து இடம் என்பதால் காவலர்கள் இஷ்டத்துக்கு நுழைய முடியாது. தணிக்கைக்குத் தப்பிய பேச்சும் துண்டுப் பிரசுரமும் அங்கே பெருகின. 1789 ஜூலை 12-இல் கமீய் தெமூலேன் என்ற பத்திரிகையாளர் மக்களை ஆயுதம் எடுக்க அழைத்தது அங்கிருந்துதான். இரண்டு நாளில் பாஸ்டில் விழுந்தது.

1790 ஜூன் 19-இல் தேசிய சபை பரம்பரைப் பட்டங்கள் அனைத்தையும் ஒழித்தது. ஓர்லியான் டியூக் என்று சட்டப்படி யாரும் இல்லாமல் போனார்கள். 1792 செப்டம்பரில் அவர் எகாலித்தே, அதாவது சமத்துவம், என்ற குடும்பப் பெயரை ஏற்றார். அதே மாதம் கன்வென்ஷன் என்ற புரட்சிக்கால நாடாளுமன்றத்துக்குத் தேர்வானார்.

1793 ஜனவரியில் பதினாறாம் லூயியின் விசாரணை. தம் இனத்தவர் என்ற காரணத்தால் அவர் ஒதுங்கியிருக்கலாம், யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் எழுந்து மரணம் என்று வாக்களித்தார். புரட்சிக்காரர்களே அருவருத்தார்கள் என்று பதிவுகள் சொல்கின்றன. நிபந்தனையில்லாத மரண தண்டனைக்கு 721-இல் 361 வாக்குகள் விழுந்ததாக எண்ணினார்கள்.

அவரும் தப்பவில்லை. ஏப்ரலில் அவர் மகன் தளபதி துமூரியேவோடு ஆஸ்திரியர் பக்கம் ஓடியதும் குடும்பத்தையே கைது செய்தார்கள். 1793 நவம்பர் 6-இல் அவரைக் கில்லட்டினில் வெட்டினார்கள். அமைதியாக இறந்தார் என்பதை எதிரிகளும் மறுக்கவில்லை. அரியணை ஆசையா, கொள்கையா, பயமா என்று இன்றும் வாதம் நடக்கிறது. மூன்றும் கலந்திருந்தன என்றே எனக்குத் தோன்றுகிறது. ஆனால் அந்த வாக்கின் கறை அவரோடு போகாமல் அவர் பிள்ளைகள், பேரர்கள்மீதும் படிந்தது. பழைய அரசவழி ஆதரவாளர்கள் ஓர்லியான் குடும்பத்தை ஒருபோதும் மன்னிக்காததற்கு வேர் அதுதான்.

ஓடிப்போன மகன் எப்படி அரசரானார்?

மகன் லூயி பிலிப் 1792-இல் வால்மி, ழெமாப் போர்களில் புரட்சிப் படைக்காகப் போரிட்டவர். தப்பியோடிய பிறகு சுவிட்சர்லாந்தில் ரைசெனாவ் என்ற ஊரில் பொய்ப்பெயரில் பள்ளி ஆசிரியராக வேலை பார்த்தார். அமெரிக்காவிலும் சில ஆண்டுகள் சுற்றினார். 1814-இல் நெப்போலியன் வீழ்ந்து பழைய அரச குடும்பம் திரும்பியபோது அவரும் டியூக்காகத் திரும்பி, விற்காமல் மிஞ்சிய சொத்துக்களை மீட்டார்.

1830 ஜூலைப் புரட்சி பத்தாம் சார்லஸை விரட்டியது. பழைய அரசரும் வேண்டாம், குடியரசும் பயம் என்று நினைத்த பணக்காரர்களும் பத்திரிகையாளர்களும் ஓர்லியான் டியூக்கைக் கூப்பிட்டார்கள். ஆகஸ்ட் 9-இல் "பிரெஞ்சு மக்களின் அரசர்" ஆனார். அதற்கு இரண்டு நாள் முன்னால், ஆகஸ்ட் 7-இல், தன் சொந்தச் சொத்துக்களைப் பிள்ளைகள் பெயருக்கு எழுதி வைத்துவிட்டார். பன்னிரண்டாம் லூயி விஷயத்தில் பார்த்தோமே, அரசரானால் உடைமை அரசோடு கலந்துவிடும் என்று? அதைத் தவிர்க்கத்தான். அப்பனாஜ் நிலங்கள் மட்டும் 1832 சட்டப்படி அரசுடைமையோடு சேர்ந்தன. அதோடு நிலம் போய்ப் பெயர் மட்டும் நின்றது. பிள்ளைகளுக்கு எழுதிய சொத்துக்களையும் 1852-இல் அப்போது நாட்டை ஆண்ட லூயி நெப்போலியன் (நெப்போலியனின் தம்பி மகன்) பறித்தார்.

பட்டத்து இளவரசராக இருந்த ஓர்லியான் டியூக் எப்படி இறந்தார்?

1830-க்குப் பிறகு பட்டம் அரசரின் மூத்த மகன் ஃபெர்டினாண்ட் பிலிப்புக்கு வந்தது. வரலாற்றில் இது தலைகீழ் மாற்றம். அதுவரை தம்பியின் அடையாளமாக இருந்த பட்டம் இப்போது வாரிசின் அடையாளம். அவர் படையிலும் மக்களிடமும் நல்ல பெயர் எடுத்தவர். 1842 ஜூலை 13-இல் நெயி ஊருக்குப் போகும் வழியில் குதிரைகள் மிரண்டு வண்டி கட்டுக்கடங்காமல் ஓட, கீழே விழுந்து மண்டை உடைந்து இறந்தார். வயது 31. ஆறு ஆண்டுகள் கழித்து, 1848 பிப்ரவரி 24-இல் கிழ அரசர் பதவி துறந்தார். விதவையான டியூக் மனைவி எலன் தன் சிறுவனைக் கூட்டிக்கொண்டு நாடாளுமன்றத்துக்கே போய், இவனை அரசனாக்குங்கள் என்று நின்றார். கூட்டம் புகுந்து கலைத்தது. குடியரசு பிறந்தது.

துருவப் பயணம் செய்த டியூக்கும் இவர்களில் ஒருவரா?

அந்தச் சிறுவனின் மகன் பிலிப், 1869-இல் இங்கிலாந்தில் பிறந்தவர். அரச வாரிசுகளை நாடு கடத்தும் 1886 சட்டத்தால் பிரான்சுக்குள் நுழையத் தடை இருந்தது. 1890-இல் மற்ற இளைஞர்களைப் போல நானும் ராணுவத்தில் சேர்கிறேன் என்று பாரிஸுக்கு வந்து நின்றார். கைது செய்து சில மாதம் சிறையில் வைத்து அனுப்பிவிட்டார்கள். 1905-இல் பெல்ஜிகா கப்பலில் கிரீன்லாந்தின் வடகிழக்குக் கரைக்குப் போனார். அதற்குமுன் வரைபடத்தில் இல்லாத கரையை அந்தப் பயணம் குறித்தது. 1926-இல் பிள்ளை இல்லாமல் பலெர்மோவில் இறந்தார்.

இன்று ஓர்லியான் டியூக் பட்டம் செல்லுமா?

பிரெஞ்சுக் குடியரசு புதிய பட்டம் எதையும் கொடுப்பதில்லை, பழைய பட்டத்துக்கு எந்தச் சலுகையும் இல்லை. முறையாக வழிவந்த பழைய பட்டத்தைப் பெயரோடு சேர்ந்த மரியாதையாக நீதி அமைச்சகம் பதிவு செய்து தருவதுண்டு. அப்பனாஜ் பட்டங்கள் அந்த வகைக்குள் வராது, அவை அரசர் தந்து அரசரிடம் திரும்புபவை. 1969-இல் குடும்பத் தலைவர் தன் மகன் ஒருவருக்கு இந்தப் பட்டத்தை வழங்கியது குடும்ப மரபுப்படிதான். நாடு கடத்தும் சட்டம் 1950-இல் நீக்கப்பட்டதால் அவர்கள் பிரான்சிலேயே வாழ முடிகிறது.

அரியணைக்கு உரிமை கோருவதில் இன்னும் சண்டை இருக்கிறதாமே?

இருக்கிறது. பதினான்காம் லூயியின் பேரன் ஸ்பெயின் அரசரானபோது, 1713 உட்ரெக்ட் உடன்படிக்கையை ஒட்டிப் பிரான்ஸ் உரிமையைத் துறந்தார். அந்தத் துறவு செல்லும் என்றால் அடுத்த உரிமை ஓர்லியான் குடும்பத்துக்கு. செல்லாது, பிறப்புரிமையை யாராலும் துறக்க முடியாது என்றால் ஸ்பெயின் கிளைக்கு. முதல் தரப்பை ஓர்லியானிஸ்டுகள் என்றும், இரண்டாம் தரப்பை லெஜிட்டிமிஸ்டுகள் என்றும் சொல்வார்கள். அஞ்சூ டியூக் பட்டத்தையும் மூன்று லில்லிப் பூச் சின்னத்தையும் ஸ்பெயின் கிளையினர் பயன்படுத்தக் கூடாது என்று ஓர்லியான் தரப்பு நீதிமன்றம் போனது. 1988 டிசம்பரில் பாரிஸ் நீதிமன்றம் அந்த வழக்கைத் தள்ளுபடி செய்தது. அரியணை உரிமையைத் தீர்மானிப்பது குடியரசு நீதிமன்றத்தின் வேலை இல்லை என்பது அதன் நிலை.

இந்தக் குடும்பத்தின் தடயங்களை எங்கே பார்க்கலாம்?

பாரிஸில் பலே ருவாயால் தோட்டமும் கடைவரிசையும் அப்படியே இருக்கின்றன, அனுமதி இலவசம். புளுவா கோட்டையில் கவிஞர் சார்லஸ் வாழ்ந்தார், கஸ்தோன் கட்டிய பகுதி தனியாகத் தெரியும். சேன்குளூ மாளிகை 1870 போரில் எரிந்துவிட்டது, தோட்டம் மட்டும் மிச்சம். பாரிஸுக்கு மேற்கே த்ரூ நகரில் குடும்பக் கல்லறைக் கோயில் இருக்கிறது. லூயி பிலிப்பின் தாயார் 1816-இல் தொடங்கிய கட்டடம் அது. ஃபெர்டினாண்ட் பிலிப்பின் மனைவி எலன் புராட்டஸ்டண்ட் என்பதால் கத்தோலிக்கக் கோயிலுக்குள் அவரை வைக்க முடியவில்லை. ஒட்டினாற்போல் தனி அறை கட்டி அவரை அடக்கம் செய்திருக்கிறார்கள். கணவரின் கல்லறைப் பக்கம் நீட்டியபடி அவர் சிலையின் ஒரு கை இடைச் சாளரத்தைத் தாண்டி வருவதைப் பார்க்கலாம்.